செண்பகவல்லி: இரு சொல் இணைந்த ஒரு பெயர்

(கரக்பூர்த் தமிழ்க் குடும்பங்கள் கூடிய நம் சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)

 

இம்மேடையில் ஆண்டுதோறும் புலவர் பெருமக்களும் கல்லூரி ஆசிரியர்களும் பேசக் கேட்டு மகிழ்ந்திருக்கிறோம். யாமோ பத்தாம் வகுப்போடு படிப்பை முடித்துக்கொண்டு, இருப்புப்பாதை அலுவலகத்தில் எழுத்தராய்க் காலம் கழிப்பவர். எனினும், பெயர்களைப் பற்றிப் பேசுமாறு செயற்குழு பணித்தபோது மறுக்க மனம் வரவில்லை. பாஸ் விண்ணப்பம், பணிப்பதிவேடு, குடும்ப விவரப் பட்டியல் என்று காலை முதல் மாலை வரை எம் மேசைக்கு வருவன யாவும் பெயர்களே அல்லவா?

இப்பொருளை எடுத்துக்கொண்டதற்குக் காரணம் உண்டு. அண்மையில் நம் குடியிருப்பில் ஓர் இளந்தம்பதியருக்குப் பெண்மகவு பிறந்தது. தந்தைவழிப் பாட்டியார் தம் அன்னையின் பெயராகிய செண்பகம் விளங்கவேண்டும் என்றார். தாய்வழிப் பாட்டியார் தம் அன்னையின் பெயராகிய வள்ளி விளங்கவேண்டும் என்றார். சில நாள் வழக்காடிய பின், இரண்டையும் இணைத்துச் 'செண்பகவல்லி' என்று வைத்துவிடலாம் எனப் பாட்டிமார் இருவரும் உடன்பட்டனர். இப்போது பெற்றோர் தயங்குகின்றனர். பெயர் நீளமானது, இங்குள்ள அண்டை அயலார் நாவில் புரளாது, இக்காலத்தில் எவரும் வைக்காத பழம்பெயர் என்பன அவர்தம் தடைகள். குழந்தையின் பிறப்புப் பதிவில் பெயருக்குரிய கட்டம் இன்னும் நிரப்பப்படவில்லை. சங்கத்துப் பெரியோர் என்ன சொல்கிறார்கள் பார்ப்போம் என்று அவர்கள் காத்திருக்கிறார்கள். நம் குடியிருப்பின் வேறு பல வீடுகளிலும் இதே கேள்வி எழுந்ததுண்டு, இனியும் எழும். ஆதலின் இதனை ஒரு வீட்டுச் செய்தியாகக் கொள்ளாமல், நம் அனைவருக்கும் உரிய பொருளாகக் கொண்டு ஆராய்வோம்.

முதற்கண் ஒன்று. பாட்டன் பாட்டியர் பெயரைக் குழந்தைக்கு இடுவது நம்மிடையே வெறும் ஆசையன்று. மொழியிலேயே பதிந்துவிட்ட முறை. மகனுடைய மகனைப் பேரன் என்கிறோம். பெயரன் என்பதன் மரூஉவே பேரன். பாட்டனுடைய பெயரைத் தாங்குபவன் என்பது அதன் பொருள். பெயர்த்தி என்பதே பேத்தி ஆயிற்று. ஆகவே பாட்டிமார் பெயரைக் கேட்டு நிற்பது பிடிவாதம் என்று எண்ணவேண்டா. அவர்கள் கேட்பது தமிழ்மொழி அவர்களுக்கு முன்னமே அளித்துவிட்ட உரிமை.

இனிப் பெயரின் முற்பகுதியைப் பார்ப்போம். செண்பகம் என்பது ஒரு மரம். அதன் மலர் பொன்னிறமும் காவிநிறமும் கலந்தது. ஒரு மலரை வைத்தால் அறை முழுதும் மணக்கும். தாவர நூலார் லின்னேயசு 1753-இல் இதற்கு மைக்கேலியா சம்பகா என்று பெயரிட்டார். இப்போது அதனை மக்னோலியா இனத்துள் அடக்கி மக்னோலியா சம்பகா என்று வழங்குகின்றனர். நம் நாட்டு மக்கள் வாயில் இருந்த சொல்லே உலகத் தாவர நூலிலும் ஏறிவிட்டது காண்க.

சண்பகம் என்பது பழைய வடிவம். கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் மகளிர் கொய்து குவித்த மலர்களின் நீண்ட வரிசை ஒன்று உண்டு என்பதைப் பள்ளிச் சிறுவரும் அறிவர். அவ்வரிசையில் சண்பகம் இடம் பெற்றிருக்கிறது. அதே வரிசையில் வள்ளியும் இருக்கிறது. நம் பாட்டிமார் இருவரும் கேட்ட பெயர்கள் சங்க நூலில் ஒரே பாட்டில் ஏற்கெனவே கூடியிருந்தன என்பது எண்ணி மகிழத்தக்கது. பெரியாழ்வார் கண்ணனைக் குழந்தையாக்கிப் பூச்சூட்ட அழைக்கும் பதிகத்திலும், முதற்பாட்டில் அவர் ஏந்தி நிற்பது செண்பகப் பூவே.

இத்துணைப் பழமை உடையதாயினும் சண்பகம் தமிழ்நிலத்தில் பிறந்த சொல்லன்று. வடமொழியில் சம்பகம் என வழங்குவதன் தமிழ் வடிவம் அது. இதைச் சொல்லுவதற்கு நாம் கூசவேண்டியதில்லை. வந்த சொல்லைத் தமிழ் எவ்வாறு ஏற்றது என்பதே அறியவேண்டியது. அச்சொல்லின் நடுவிலிருந்த 'ம்ப' என்னும் ஒலி 'ண்ப' ஆயிற்று. சகரம் அகரத்தோடு கூடி மொழிக்கு முதலில் வாராது என்று தொல்காப்பியத்தில் ஒரு விதி உண்டு. அவ்விதிக்குச் சண்பகம் புறம்பானது. பிற்கால மக்கள் வழக்கில் அதுவே செண்பகம் என்றாகி, தமிழ்ச் சொல்லைப் போலவே ஒலிக்கலாயிற்று. வேற்றூரிலிருந்து வந்து குடியேறிய குடும்பம் இரண்டொரு தலைமுறையில் அவ்வூர்ப் பேச்சைப் பேசுவதுபோல அச்சொல் நம்மோடு கலந்தது. இம்மண்டபத்தில் இருப்போருக்கு இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

பிற்பகுதி வல்லி. வல்லி என்றால் கொடி. கொடிபோன்ற இடையுடையாள் என்னும் கருத்தால் பெண்ணையும் குறிக்கும். வள்ளி என்பதும் கொடிதான். வள்ளிக்கிழங்கு என்று இன்றும் சொல்கிறோம். முருகன் மணந்த குறமகளின் பெயரும் அதுவே. வல்லி என்னும் சொல் வடமொழியிலும் உண்டு. ஆயினும் அது தமிழ் முதலிய திராவிட மொழிகளின் வள்ளி என்னும் சொல்லிலிருந்து வடமொழிக்குச் சென்றதாதல் வேண்டும் என்று மொழியியலார் சிலர் கருதுவர். அக்கருத்தின்படி பார்த்தால் இப்பெயர் மிகவும் சுவையானது. முற்பகுதி வடக்கிலிருந்து தெற்கே வந்தது. பிற்பகுதி தெற்கிலிருந்து வடக்கே சென்று மீண்டது. இரண்டும் ஒரு பெண்ணின் பெயரில் சந்தித்துக்கொள்கின்றன.

இரண்டும் சேரும்போது நிகழ்வது என்ன? மரம் என்பதனோடு வேர் சேர்ந்தால் மரவேர் என்றாகும். மகர மெய் கெடும். அதே விதிப்படி செண்பகம் என்பதனோடு வல்லி சேர்ந்தால் செண்பகவல்லி. வடக்கிலிருந்து வந்த சொல்லானாலும், நம் வீட்டில் நுழைந்தபின் நம் இலக்கணமே அதற்கு முறை.

இங்கு ஓர் ஐயம் எழலாம். செண்பகம் மரமாயிற்றே, அதிலே கொடி எங்ஙனம் வரும்? நியாயமான கேள்வி. வல்லி என்னும் ஈற்றை நம் முன்னோர் செடிநூல் நோக்கி வைக்கவில்லை. கும்பகோணத்துச் சாரங்கபாணி கோயிலில் தாயார் கோமளவல்லி, திருவல்லிக்கேணியில் வேதவல்லி. கனகவல்லி, மரகதவல்லி என்னும் பெயர்களும் கேட்டிருக்கிறோம். பொன்னும் மரகதமும் வேதமும் கொடியாகப் படர்வதில்லை. உலகில் எவையெவை உயர்ந்தனவோ, அழகியனவோ, அவற்றை முன்னே வைத்து, மென்மையும் வளர்ச்சியும் தோன்றக் கொடியைப் பின்னே இணைப்பது பெயரிடும் மரபு. செண்பகத்தின் மணமும் கொடியின் மென்மையும் ஒருத்தியிடம் பொருந்துக என்னும் வாழ்த்தே செண்பகவல்லி.

இப்பெயர் அம்மையின் திருப்பெயராக விளங்கும் ஊர் கோவில்பட்டி. மதுரைக்கும் திருநெல்வேலிக்கும் இடையே வண்டியில் செல்வோர் அவ்வூரைக் கடந்தே செல்வர். ஆங்கே சுவாமி பூவனநாதர்; அம்மை செண்பகவல்லி. பூக்கள் நிறைந்த வனத்துக்குத் தலைவனும் பூவின் பெயர் பூண்ட தலைவியுமாய் இருவரும் எழுந்தருளியிருக்கின்றனர். குற்றாலத்திலும் செண்பகாதேவி என்னும் அருவி உண்டு. கோவில்பட்டியையும் அதனைச் சூழ்ந்த கரிசல் நிலத்து ஊர்களையும் சேர்ந்த முதியோரிடையே செண்பகவல்லி என்னும் பெயரை இன்றும் கேட்கலாம். ஆனால் நம் குடியிருப்பில் பள்ளி செல்லும் சிறுமியருள் இப்பெயருடையாள் ஒருத்தியையும் யாம் கண்டதில்லை. அருகிவரும் பெயர் என்று பெற்றோர் கூறுவது உண்மையே.

அடுத்த தடைக்கு வருவோம். அண்டை அயலார் நாவில் இப்பெயர் புரளாதாம். நாம் வாழ்வது வங்காளத்தில். நம் குடியிருப்பில் வங்காளியர், ஒரியர், தெலுங்கர், இந்தி பேசுவோர் அனைவரும் கலந்து வாழ்கிறோம். இவர்களுள் செண்பகத்தை அறியாதார் யார்? வங்காளியரும் ஒரியரும் இந்தி பேசுவோரும் சம்பா என்பர். தெலுங்கர் சம்பங்கி என்பர். நமக்குச் சம்பா என்றவுடன் அரிசி நினைவுக்கு வருவதும், அவர்களுக்குப் பூ நினைவுக்கு வருவதும் வேடிக்கையான வேறுபாடு. ஆனால் ஒரு செய்தி: இங்கே சம்பா என்று முடியும் பெயருடைய பூக்கள் பல. பொன்னிறமுள்ள நம் செண்பகத்தைச் சுவர்ணசம்பா என்று சொன்னால்தான் வங்காள நண்பருக்கு ஐயமின்றி விளங்கும்.

பூ மட்டுமா? ஊர்களையும் பாருங்கள். மன்னார்குடிக்கும் கும்பகோணத்தை அடுத்த திருநாகேசுவரத்துக்கும் செண்பகாரண்யம் என்னும் பெயர் உண்டு. செண்பகக் காடு என்பது பொருள். பீகாரில் சம்பாரண் என்னும் நிலப்பகுதி உள்ளதே, 1917-இல் காந்தியடிகள் அவுரி பயிரிடும் உழவர்களுக்காக அறப்போர் தொடங்கிய இடம், அதன் பெயரும் சம்பகாரண்யம் என்பதன் திரிபே என்பர். காவிரிக் கரையிலும் கண்டகி நதிப் பக்கத்திலும் ஒரே பெயருடைய காடுகள்! அங்க நாட்டின் பழைய தலைநகர் சம்பா. அது இன்றைய பாகல்பூரை அடுத்திருந்தது. நம் துறையினர் நன்கறிந்த ஹவுரா–நாக்பூர் பாதையிலே பிலாஸ்பூருக்குக் கிழக்கே, கோர்பாவுக்குக் கிளைப்பாதை பிரியும் சந்திப்பின் பெயரும் சாம்பாவே.

செண்பகவல்லி என்னும் இணைப்பும் இந்நாட்டுக்குப் புதிதன்று. வங்காள வைணவ மரபில் இராதையின் தோழியர் எண்மர் சிறப்பாகப் போற்றப்படுவர். அவருள் ஒருத்தி சம்பகலதா. லதா என்றாலும் கொடிதானே! சம்பகலதா என்பதைத் தமிழாக்கினால் செண்பகவல்லி. செண்பகவல்லியை வங்காளமாக்கினால் சம்பகலதா. பக்கத்து வீட்டு அம்மையாரிடம் நம் குழந்தையின் பெயர்ப்பொருளை ஒருமுறை இவ்வாறு சொன்னால் போதும். அவர் அதனை மறக்கமாட்டார்.

இன்னுமொன்று சொல்லவேண்டும், இது சிறுவர்களுக்கு. வங்காளக் குழந்தைகள் அனைவரும் அறிந்த கதை ஒன்று, 'சாத் பாய் சம்பா'. சம்பாக்களாகிய ஏழு சகோதரர் என்பது பொருள். தட்சிணாரஞ்சன் மித்ர மசும்தார் 1907-இல் வெளியிட்ட 'தாகுர்மார் ஜூலி' என்னும் பாட்டி கதைத் தொகுதியில் அது உள்ளது. இளைய அரசிக்குப் பிறந்த ஏழு ஆண்மக்களையும் ஒரு பெண்மகவையும் மூத்த அரசியர் பொறாமையால் ஒழித்துவிடுகின்றனர். ஆண்மக்கள் எழுவரும் சம்பா மலர்களாகப் பூக்கின்றனர். தங்கை பாருல் மலராகப் பூக்கிறாள். தம்மைப் பெற்ற தாய் வந்தபின்னரே அவர்கள் கைக்கு எட்டி, மீண்டும் மக்களாகின்றனர். பாருல் எது தெரியுமா? நம் பாதிரி மலர்தான். வடமொழியில் பாடலி எனப்படுவது வங்காளத்தில் பாருல் ஆயிற்று. நம்மிடம் பாதிரி என வழங்குகிறது. பாதிரியால் பெயர் பெற்றது கடலூரை அடுத்த திருப்பாதிரிப்புலியூர்; பாடலியால் பெயர் பெற்றது பாடலிபுத்திரம், இன்றைய பாட்னா. குறிஞ்சிப்பாட்டு வரிசையில் பாதிரியும் சண்பகமும் அடுத்தடுத்த அடிகளில் இருக்கின்றன. பெரியாழ்வார் பதிகத்திலும் இரண்டும் வருகின்றன. வங்காளப் பாட்டி கதையிலோ அவை உடன்பிறந்தாராகவே ஆகிவிட்டன. கவி இரவீந்திரரும், குழந்தை சம்பாப் பூவாக மாறித் தாயோடு ஒளிந்து விளையாடுவதாகக் கவிதை செய்தார். 'பிறைநிலா' என்னும் பொருள்படும் தலைப்போடு 1913-இல் ஆங்கிலத்தில் வந்த அவருடைய நூலில் அதனைக் காணலாம்.

ஆகவே, செண்பகவல்லி என்னும் பெயருடைய சிறுமி இம்மண்ணில் அயலாள் ஆகமாட்டாள். நாம் நம் ஊரிலிருந்து கொண்டுவந்த பெயர்களுள் இத்தகையன பல. இங்குள்ளார்க்குப் புரியாது என்று அவற்றைக் கைவிட்டு, எங்கும் உள்ள ஈரெழுத்துப் பெயர்களைத் தேடி ஓடுமுன், அப்பெயர்களின் வேர் எதுவரை ஓடியிருக்கிறது என்று ஒருமுறை பார்த்தல் நலம். புதுப்பெயர் கூடாதென்று யாம் கூறவில்லை. புதுப்பெயர் வைப்போரும் மக்களைப் பேணுவோரே. அறியாமலே ஒன்றை இழத்தல் வேண்டா என்பதே எம் கருத்து.

நீளம் என்னும் தடை எஞ்சியுள்ளது. அழைக்கும் பெயர் வேறு, எழுதும் பெயர் வேறு என்பது நம் வழக்கம். செண்பகம், செண்பா, வல்லி என்று வீட்டில் எதுவும் வழங்கலாம். வங்காளியரும் வீட்டுப் பெயரை 'டாக் நாம்' என்றும், வெளிப்பெயரை 'பாலோ நாம்' என்றும் பிரித்தே வைத்துக்கொள்கின்றனர். வீட்டிலே சுருங்கலாம், ஏட்டிலே சுருங்கலாகாது.

ஏடு என்றவுடன் எம் தொழில் நினைவு முன்வருகிறது. இதனை மட்டும் சற்று அழுத்தமாகச் சொல்ல அனுமதி தாருங்கள்.

1969-ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி பிறப்பை 21 நாளுக்குள் தெரிவித்தல் வேண்டும். பெயர் முடிவாகவில்லை எனினும் பதிவு செய்துவிடலாம். 12 மாதத்துக்குள் பெயரைக் கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதன்பின் 15 ஆண்டு வரை கட்டணம் செலுத்திச் சேர்க்கலாம். ஆகவே நம் தம்பதியருக்கு இன்னும் காலம் இருக்கிறது. ஆனால் சேர்க்கும்போது மிகுந்த கவனம் வேண்டும். 2023-இல் அச்சட்டம் திருத்தப்பட்டு, அவ்வாண்டு அக்டோபர் முதல் நாளிலிருந்து நடைமுறைக்கு வந்தது. அந்நாள் முதற்கொண்டு பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஆதார், வாக்காளர் பட்டியல், ஓட்டுநர் உரிமம், திருமணப் பதிவு, அரசுப் பணி ஆகிய எல்லாவற்றுக்கும் பிறந்த நாளையும் இடத்தையும் மெய்ப்பிப்பது பிறப்புச் சான்றிதழே. அதில் விழும் எழுத்து வாழ்நாள் முழுதும் தொடரும்.

செண்பகவல்லி என்னும் பெயரில் இடர் எங்கே உள்ளது? தமிழில் ஒரே எழுத்தாகிய 'செ'யை ஆங்கிலத்தில் மூன்று விதமாக எழுதுகின்றனர்: எஸ் மட்டும் இட்டு ஒருவர், எஸ் எச் சேர்த்து ஒருவர், சி எச் சேர்த்து மற்றொருவர். 'ப'வுக்குப் பி என்னும் எழுத்தா, பி-யின் மெல்லொலியாகிய பீ என்னும் எழுத்தா? 'க'வுக்குக் கே-யா, ஜி-யா? கணக்கிட்டுப் பார்த்தால் இவ்வொரு பெயர் பன்னிரண்டு உருவம் எடுக்கவல்லது. மருத்துவமனையில் ஓர் உருவம், பள்ளியில் ஓர் உருவம், தந்தையின் பணிப்பதிவேட்டில் ஓர் உருவம் என்று அமைந்துவிட்டால், பின்னாளில் அப்பெண் தன் உரிமையைக் கேட்டு வரும்போது, இம்மூவரும் ஒருத்தியே என்று மெய்ப்பிக்க அலையவேண்டும். தந்தையை இழந்த மகள், குடும்ப ஓய்வூதியத்துக்காக உறுதிமொழிப் பத்திரமும் கையுமாய்ப் பல மாதம் நடந்ததை யாம் கண்டிருக்கிறோம். அவள் பெயரில் மாறியிருந்தது ஒரே ஓர் எழுத்து.

ஆதலின் பெற்றோர்க்கு எம் வேண்டுகோள் மூன்று. முதலாவது, தமிழில் வல்லியா வள்ளியா என்பதை முதலிலேயே முடிவு செய்க. பாட்டியின் வள்ளி, இணைந்த பெயரில் வல்லி ஆவதால் அவருக்குக் குறை ஒன்றும் இல்லை, இரண்டும் கொடியே, கோயில் வழக்கும் செண்பகவல்லியே. இரண்டாவது, ஆங்கில எழுத்துக்கூட்டு ஒன்றைத் தேர்ந்து ஒரு தாளில் எழுதிச் சுவரில் ஒட்டிவைத்து, எந்தப் படிவத்திலும் அதிலிருந்து பார்த்தே எழுதுக. மூன்றாவது, இங்குள்ள படிவங்கள் குடும்பப் பெயர் கேட்கும். நமக்கோ தந்தையின் பெயர் முதலெழுத்தே உண்டு. அவசரத்தில் செண்பகம் என்பதைப் பெயராகவும் வல்லி என்பதைக் குடும்பப் பெயராகவும் பிரித்து எழுதிவிடுவோர் உளர். பாட்டிமார் அரும்பாடுபட்டு இணைத்ததை ஒரு கட்டம் பிரித்துவிடக் கூடாது. பெயரை ஒரே சொல்லாகச் சேர்த்து எழுதி, தந்தையின் பெயரைக் குடும்பப் பெயர்க் கட்டத்தில் முழுமையாக நிரப்பினால் இடர் நேராது.

இறுதியாகச் சங்கத்துக்கு ஒரு வேண்டுகோள். நம் குடும்பங்களுள் பல இங்கு வந்து மூன்று, நான்கு தலைமுறை ஆயின. பாட்டியின் பெயர் நினைவிருக்கிறது. அவர்தம் பாட்டியின் பெயரைக் கேட்டால் பலரும் விழிக்கிறோம். ஒவ்வொரு குடும்பத்தாரும் தமக்குத் தெரிந்தவரை முன்னோர் பெயர்களை, அவற்றுள்ளும் பெண்களின் பெயர்களை, சொந்த ஊரோடு எழுதிச் சங்கத்துக்கு அளித்தால், அடுத்த ஆண்டு மலரில் அவற்றை வரிசைப்படுத்தி வெளியிடலாம். எழுதித் தொகுக்கும் வேலையை எம்மிடம் ஒப்படைத்தால் மகிழ்வோடு ஏற்போம். நாளை ஒரு வீட்டில் தொட்டில் கட்டும்போது, பெயர் தேடுவோர் புரட்டிப் பார்க்க அது உதவும்.

 நம் குழந்தைகள் யாவரும் நல்ல பெயரோடு வாழ்ந்து, அப்பெயருக்கு நற்பெயர் தேடித் தருவாராக.